அக்கா கட்டிய கனவு

நம் வாசகர் வட்டத்தின் அடுத்த கூட்டத்துக்கு ‘காலந்தோறும் இலக்கியத்தில் கனவு’ என்று தலைப்பு வைத்தீர்கள். வைத்த கையோடு ஆளுக்கொரு காலத்தைப் பங்கு போட்டும் கொண்டீர்கள். தலைமையாசிரியராக இருந்தவருக்குச் சங்கப் பாட்டு. தபால் ஆபீஸில் இருந்தவருக்குக் காப்பியம். டாக்டரம்மாவும் அவர் நாத்தனாரும் பக்திப் பாடல்களுக்குச் சண்டை போட்டு, கடைசியில் ஆளுக்குப் பாதி என்று முடிவானது. எனக்கு ஒன்றும் மிஞ்சவில்லை. “நீங்க உங்க அப்பாவப் பத்திச் சொல்லுங்க. அவ்வோ கனவப் பத்திப் பேசினத எங்க மாமா இன்னும் சொல்லிக்கிட்டிருக்காவ” என்று என் தலையில் கட்டிவிட்டீர்கள்.

சரி என்று தலையாட்டிவிட்டு வந்தேன். உட்கார்ந்து எழுதினால் கட்டுரை வரவில்லை, அக்காதான் வந்தாள். நம் வயதில் இனி யாருக்குப் பயந்து என்ன ஆகப்போகிறது? அவளைப் பற்றியே எழுதிவிட்டேன். தலைப்போடு ஒட்டவில்லை என்று தலைமையாசிரியர் முகம் சுளித்தால் சுளித்துக்கொள்ளட்டும்.

எங்கள் ஊர் முக்கூடலுக்குக் கொஞ்சம் கிழக்கே, ஆற்றை ஒட்டி இருந்தது. அப்பா பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார். ஊருக்கு அவர் தமிழையா. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலங்களில் கோயில் முன்மண்டபத்தில் பேசுவார். தூணில் ஒரு கூம்பு ஒலிபெருக்கி கட்டியிருக்கும். ஆண்கள் ஜமுக்காளத்தில் உட்கார்ந்து கேட்பார்கள், பெண்கள் அவரவர் அடுக்களையில் நின்று கேட்பார்கள். எங்கள் அடுக்களை ஜன்னல் அந்தக் கூம்புக்கு நேராக இருந்தது. அப்பா தொண்டையைக் கனைப்பதுகூட உள்ளே வந்து விழும். அக்கா ஆட்டுரலுக்கு முன்னால் உட்கார்ந்து உளுந்து ஆட்டிக்கொண்டே கேட்பாள். நல்ல கட்டம் வந்தால் குழவியைச் சுற்றாமல் அப்படியே பிடித்துக்கொண்டிருப்பாள். “கை நின்னுபோச்சு பாரு” என்று அம்மா அதட்டினால்தான் மறுபடி சுற்றும். பள்ளிக்கூடத்தை முடித்துவிட்டு வீட்டில் இருந்த பெண் அவள். அப்பா பேசிய ஒவ்வொரு பேச்சையும் மனப்பாடமாகச் சொல்லுவாள். அப்பாவுக்கு அது தெரியாது. அவர் மண்டபத்தில் இருந்தவர்களுக்காகப் பேசினார்.

அந்த வருஷம் ஆனியிலும் ஆடியிலும் அவர் எடுத்துக்கொண்ட பொருள் கனவு. நான் அப்போது ஐந்தாம் வகுப்பு. மலையில் சாரல் பிடித்து, ஆறு செங்காவித் தண்ணீராக ஓடிக்கொண்டிருந்தது. துணி எதுவும் காயாது. வீடு முழுக்க ஈரப் பாவாடை வாடையும் புது வண்டல் வாடையும்தான். அதற்கு நடுவே ஜன்னல் வழியாக அரசிகள் வருவார்கள். அவர்கள் கனவில் குடை சாயும், விண்மீன் உதிரும், மணி தானே அடித்துக்கொள்ளும். அரசனிடம் ஓடிப்போய்ச் சொல்வார்கள். அவன் சிரித்துவிட்டு அவைக்குக் கிளம்புவான், திரும்பி வரமாட்டான். அடுத்த ஞாயிற்றுக்கிழமை, கனவில் வந்த காதலனை விழித்ததும் படுக்கையில் தடவித் தேடும் பெண்கள். அதற்கடுத்த வாரம் தெய்வத்துக்கே கழுத்தை நீட்டியவர்கள். பிறகு உலகமே கனவு என்று சொல்லி ஊரைவிட்டுப் போனவர்கள், வராத விடுதலையை வந்துவிட்டதாகவே பாடியவர்கள். அப்பா எல்லாவற்றுக்கும் பலன் சொல்லுவார், அணி சொல்லுவார். கனவு கண்டு பயந்தவர்களில் பாதிப்பேருக்கு மேல் பெண்கள் என்பதும், பலன் சொன்னவர்கள் எல்லாரும் ஆண்கள் என்பதும் இப்போது எழுதும்போதுதான் எனக்குப் படுகிறது. அப்போது குடை எப்படிச் சாய்ந்திருக்கும் என்று யோசிப்பதிலேயே என் பொழுது போனது.

மற்ற வீடுகளில் காலையில் பிள்ளைகளிடம் வாய்ப்பாடு கேட்பார்கள். எங்கள் அப்பா காப்பியை ஆற்றிக்கொண்டே, “நேத்து என்ன கனவு?” என்று கேட்பார். சொல்ல வேண்டும். சொன்னதும், “கண்டதா, கட்டினதா?” என்று கண்ணைச் சுருக்குவார். நான் யானை மச்சில் ஏறியது, ரயில் ஆற்றுக்குள் போனது என்று அளந்துவிடுவேன். “கட்டினது. கண்ட கனவு இவ்வளவு ஒழுங்கா வராதுட்டி, கோணல்மாணலா இருக்கும்” என்று என் காதைத் திருகுவார். கட்டினதற்கும் மார்க் உண்டு. நன்றாகக் கட்டியிருந்தால் அவர் காப்பியில் ஒரு வாய் கிடைக்கும்.

வேறு எதற்கும் அவரிடம் நேராகப் போய் நிற்க முடியாது. பல்வலி என்றாலும், பாவாடை கிழிந்தாலும் அம்மா வழியாகத்தான் மனு போகும். கெட்டவர் இல்லை, அடித்ததே இல்லை. ஆனால் வீட்டு விஷயம் பேச ஆரம்பித்தால் அவர் கண் எங்கேயோ போய்விடும். கனவு ஒன்றுதான் அவரிடம் நேராகப் போகும்.

அம்மாவின் சட்டம் வேறு. நல்ல கனவை யாரிடமும் சொல்லக்கூடாது, சொன்னால் பலிக்காது. கெட்ட கனவு என்றால் பல் விளக்குவதற்கு முன்னால் ஆற்றுக்குப் போய், இடுப்பளவு தண்ணீரில் நின்று, ஓடுகிற தண்ணீரிடம் சொல்லிவிட வேண்டும். தண்ணீர் அதை இழுத்துக்கொண்டு போய் புன்னக்காயலில் கடலில் சேர்த்துவிடும். சொன்ன பிறகு அதை யாரும் மறுபடி வாயில் எடுக்கக்கூடாது. எடுத்தால் போனது திரும்பி வந்துவிடும். எங்கள் படித்துறையில் காலையில் யாராவது ஒரு பெண் தண்ணீரைப் பார்த்து முணுமுணுத்துக்கொண்டிருந்தால் மற்றவர்கள் தள்ளிப் போய்க் குளிப்பார்கள்.

இந்த இரண்டு சட்டங்களுக்கும் நடுவில்தான் அக்கா மாட்டிக்கொண்டாள்.

ஆனி மாதக் கடைசியில் மாப்பிள்ளை வந்தார். திருநெல்வேலி டவுனில் பாத்திரக்கடை. அப்பாவுடைய பழைய சிநேகிதரின் மகன். முதல் மனைவி காய்ச்சலில் தவறிவிட்டாள், குழந்தை இல்லை. அவர் ஞாயிற்றுக்கிழமைகளில் பஸ் ஏறி அப்பா பேச்சைக் கேட்க வந்துகொண்டிருந்தவர்தான். முதல் வரிசையில் உட்காருவார். உருக்கமான இடத்தில் கண்ணீர் பொலபொலவென்று உதிரும், துடைக்கவும் மாட்டார். அப்பா விழுந்தது அங்கேதான். அம்மா “ரெண்டாந்தாரமால்லா இருக்கு” என்று இழுத்தபோது அவர் சொன்ன பதில் எனக்கு அப்படியே நினைவிருக்கிறது.

“பாட்டுக்கே கண்ணீர் விடுத மனுசன்ளா அவன். பொண்டாட்டிய அழ விடுவானா?”

தமிழ் படித்தவர்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பு இது. வேறு எந்த அப்பாவாக இருந்தாலும் அந்தத் தெருவில் நாலு பேரிடம் விசாரித்திருப்பார். எங்கள் அப்பா கண்ணீரைப் பார்த்தார், திருப்தியாகிவிட்டார்.

அக்காவுக்கு அந்த மாப்பிள்ளை வேண்டாம். காரணமும் இருந்தது. எனக்கு அது பிறகுதான் தெரிந்தது, உங்களுக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன். எங்கள் தெருவுக்குப் பூக் கொண்டுவரும் பூக்காரம்மாவின் தங்கை, டவுனில் அந்த மாப்பிள்ளைக்குச் சொந்தமான வளவில், அவர் வீட்டை ஒட்டித்தான் வாடகைக்குக் குடியிருந்தாள். கடைக்குப் போகும்போது அவர் முதல் மனைவியை அடுக்களைக்குள் விட்டு வெளியே பூட்டிவிட்டுப் போவாராம். சாயங்காலம் வந்துதான் திறப்பாராம். அவளுக்குக் காய்ச்சல் கண்ட அன்றும் பூட்டித்தான் இருந்ததாம். பூக்காரம்மா அக்காவிடம் இதைச் சொல்லிவிட்டு, பூக்கூடையைத் தொட்டுச் சத்தியம் வாங்கிக்கொண்டாள். “நான் சொன்னேன்னு தெரிஞ்சா என் தங்கச்சி பிள்ளையளோட தெருவுல நிக்கணும் தாயி.”

அக்கா அம்மாவிடம் போய் “வேண்டாம்மா” என்றாள். “எதுக்கு?” என்றாள் அம்மா. சத்தியம் அக்காவின் வாயைக் கட்டியிருந்தது. “காரணம் இல்லாம வேண்டாங்கிறதுக்கு நீ என்ன சீமாட்டியா?” என்று அம்மா முறத்தை எடுத்துக்கொண்டு புடைக்கப் போய்விட்டாள்.

மறுநாள் காலையில் அப்பா காப்பி ஆற்றிக்கொண்டிருந்தபோது, கேட்காமலே அக்கா வந்து முன்னால் நின்றாள். தலை வாரிக்கூட இல்லை. “எப்பா, ஒரு கனவு கண்டேன்” என்றாள்.

அப்பாவுக்கு ஆச்சரியம். அவள் பெரியவளான பிறகு கனவு சொல்வதை நிறுத்தியிருந்தாள். “சொல்லு, சொல்லு” என்று டம்ளரைக் கீழே வைத்தார்.

அக்கா சொன்னாள். கல்யாணப் பந்தலில் குடை சாய்கிறது. பகலிலேயே வானம் இருண்டு விண்மீன் உதிர்கிறது. குத்துவிளக்கைப் புது வீட்டுக்குள் கொண்டுபோகிறாள், அது தானே அணைகிறது. அந்த வீட்டுக் கிணற்றுக்குள்ளிருந்து தாலி கட்டிய ஒரு பெண், “நீயும் வராதே, நீயும் வராதே” என்று கூப்பிட்டுச் சொல்கிறாள். சொல்லும்போது அக்காவின் கட்டைவிரல் தாவணி முனையை முறுக்கிக்கொண்டே இருந்தது. நான் பயந்துபோய் அம்மாவின் சேலையைப் பிடித்துக்கொண்டேன்.

அப்பா கண்ணை மூடிக் கேட்டார். முடிந்ததும் தொடையில் தட்டினார்.

“ஏளா, பிரமாதம்! எங்க பிடிச்ச இந்தக் குடைய? போன மாசம் நான் சொன்ன குடைல்லா இது? ஆனா அந்தக் கிணத்துப் பொம்பள இருக்காளே, அது உன் சரக்கு. அங்கன எனக்கே புல்லரிச்சிட்டு.”

“எப்பா, நெசமாவே கண்டேன்.”

“கட்டினதுதான்ட்டி. இவ்வளவு ஒழுங்கா எந்தக் கனவு வரும்? கட்டினா என்ன, தப்பா? கட்டத் தெரியணுமே.”

அவள் முகம் செத்துவிட்டது. அவர் சொன்னது உண்மைதான், அவள் கட்டித்தான் சொன்னாள். கனவு என்றால் என்னவென்று அவளுக்குத் தெரிந்ததெல்லாம் அவர் ஜன்னல் வழியாகக் கொடுத்ததுதான். அதை வைத்துத்தான் கட்ட முடிந்தது. ஒரு பெண் கல்யாணத்துக்கு முன்னால் எதற்காக இப்படிக் கட்டுகிறாள் என்று அந்தப் படித்த தலைக்குள் ஒரு கேள்வி எழவில்லையே. 

அம்மா அதற்குள் கொடியிலிருந்து துண்டை உருவிவிட்டாள். “கண்டதோ கட்டினதோ, அமங்கலத்த வாயில சொல்லியாச்சு. வா ஆத்துக்கு” என்று அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். நானும் பின்னால் ஓடினேன்.

ஆற்றில் சுழிப்பு இருந்தது. அக்கா படியில் இறங்கி, மருதமரத்து வேரைப் பிடித்துக்கொண்டு இடுப்பளவில் நின்றாள். நான் மேல்படியில் துண்டோடு நின்றேன். அவள் உதடு வெகுநேரம் அசைந்தது. அவள் வீட்டில் சொன்ன கனவுக்கு அவ்வளவு நேரம் ஆகாது. பூக்காரம்மா சொன்னதையும் சேர்த்துச் சொல்லியிருப்பாள் என்று இப்போது நினைக்கிறேன். தண்ணீரிடம் சொன்னால் சத்தியம் முறியாது அல்லவா.

“சொல்லிட்டியா?” என்றாள் அம்மா.

“சொல்லிட்டேன்.”

“அம்புட்டுதான். இனிமே அதப் பத்தி மூச்சு விடப்படாது. ஆவணில கல்யாணம். நல்லதையே நினை.”

அம்மா அன்பாகத்தான் சொன்னாள். ஈரத்தலையைத் துவட்டிவிட்டாள், நெற்றியில் திருநீறு பூசினாள். அந்த நிமிஷத்திலிருந்து அக்கா வாயைத் திறந்தால் அம்மா கையால் பொத்துவாள், ஏனென்றால் எடுத்தால் திரும்பி வந்துவிடும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அடுக்களையில் நாங்கள் கூட்டாஞ்சோற்றுக்குக் காய் நறுக்கிக்கொண்டிருந்தோம். முருங்கைக்கீரை உருவுவது என் வேலை. அப்பா பேச்சில் அன்று கற்பனை எங்கிருந்து வருகிறது என்பது பொருள். திடீரென்று, “எங்க வீட்டுலயே ஒரு கவி இருக்கா, எனக்கே போன வாரந்தான் தெரிஞ்சுது” என்றது ஒலிபெருக்கி. அப்புறம் அக்காவின் கனவு முழுவதும் வந்தது. குடை, விண்மீன், அணைந்த விளக்கு, கிணற்றுக்குள் தாலியோடு கூப்பிடும் பெண். ஊர் முழுக்கக் கேட்டது. அப்பா ஒவ்வொன்றையும் நிறுத்தி நிறுத்தி ரசித்தார். மண்டபத்தில் ‘ஆகா’ என்றார்கள். யாரோ “உம்ம மகளுக்கு என்ன கற்பனை வே!” என்று சொன்னதும் அதில் விழுந்தது.

அக்கா அரிவாள்மணையில் வைத்திருந்த கத்திரிக்காயை எடுக்கவில்லை. “முன்வரிசைல அவரு இருப்பாருல்லா” என்றாள். யாரைச் சொல்கிறாள் என்று எனக்குப் புரிந்தது, ஏன் சொல்கிறாள் என்று புரியவில்லை. அவர் இருந்தார். பேச்சு முடிந்து அப்பாவோடு வீட்டுக்கும் வந்தார். காப்பி கொண்டுபோன அக்காவை நிமிர்ந்து பார்த்து, “கெணத்துக்குள்ள கூப்பிடுத பொண்ணு! நல்ல கற்பன” என்று சிரித்தார். கண் கலங்கித்தான் இருந்தது. அப்பா பெருமையில் பூரித்துப்போனார்.

கல்யாணத்துக்குக் கொஞ்ச நாள் இருக்கும்போது அக்கா இன்னொரு முறை முயன்றாள். அம்மா அப்போது ஆற்றுக்குப் போயிருந்தாள், அதற்காகவே காத்திருந்து வந்தாள் என்று நினைக்கிறேன். நான் நடைப் படியில் உட்கார்ந்திருந்தேன். அப்பா முன்னால் உட்கார்ந்து, பாடம் ஒப்பிப்பதைப் போல இல்லாமல், சாதாரணமாகச் சொன்னாள்.

“எப்பா, கனவுல ஒரு அடுக்களை. நான் உக்காந்திருக்கேன். கதவு வெளிய பூட்டியிருக்கு. நான் உள்ள இருந்து கூப்பிடுதேன். யாருக்கும் கேக்கல. அம்புட்டுதான்ப்பா.”

அப்பா மேற்கொண்டு ஏதோ வரும் என்று காத்திருந்தார். வரவில்லை. அவர் முகத்தில் ஏமாற்றம் தெரிந்தது.

“இது கண்டதுதான் போல. கட்டினது இல்ல. ஆனா அடுக்களைல ஒரு பொம்பள உக்காந்திருக்கதுல என்னட்டி கனவு இருக்கு? முன்ன சொன்ன அளவுக்கு இதுல கவிதை இல்லையே” என்றார்.

அக்கா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு எழுந்து போய் உலை வைத்தாள். அதற்கப்புறம் அவள் அப்பாவிடம் கனவு என்று ஒன்று சொல்லவே இல்லை.

ஆவணியில் கல்யாணம். மறுநாள் சொதி சாப்பாடு. தேங்காய்ப்பால் வாசனை பந்தல் பூராவும் அடித்தது, இஞ்சிப் பச்சடி காரமாக இருந்தது, நான் வயிறு முட்டச் சாப்பிட்டேன். கார் கிளம்பும்போது அக்கா அழவில்லை. எல்லாரும் அவளை மனத்திடமான பெண் என்றார்கள்.

தலைதீபாவளியன்று விடியற்காலையில் வந்தாள். ஒரு வாரம் இருப்பதாக ஏற்பாடு. மெலிந்திருந்தாள், மாப்பிள்ளை வாங்கிக்கொடுத்த பட்டுச் சேலை தோளில் நிற்கவில்லை. வந்த அன்று மத்தியானமே அடுக்களைத் தரையில் படுத்துவிட்டாள். “கதவைச் சாத்திராதட்டி” என்று என்னிடம் சொல்லி, அம்மிக் குழவியைக் கொண்டுவந்து கதவுக்கு அண்டை கொடுக்கச் சொன்னாள். மழைச்சாரல் உள்ளே அடித்தது. அம்மா வந்து “பச்சத் தண்ணி மாதிரி காத்து அடிக்கி, சாத்துட்டி” என்று குழவியை நகர்த்தினாள். கதவு மூடியதும் அக்கா விருட்டென்று எழுந்து உட்கார்ந்துகொண்டாள். தூங்கவில்லை.

சாயங்காலம் முன்அறையில் அப்பா, மாப்பிள்ளை, மண்டபத்துச் சிநேகிதர்கள் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள். அக்கா முந்திரிக்கொத்துத் தட்டோடு போனாள். நான் காப்பியோடு பின்னால் நின்றேன். அப்பா சபைக்கு முன்னால் அவளைக் காட்ட ஆசைப்பட்டார்.

“எங்க கவி வந்திருக்கா. என்னட்டி, புது வீட்டுல என்ன கனவு கண்டே? சொல்லு, எல்லாரும் கேக்கட்டும்.”

அக்கா மாப்பிள்ளையைப் பார்க்கவில்லை. அப்பாவை மட்டும் பார்த்தாள்.

“கனவுக்குத் தூங்கணுமேப்பா” என்றாள். “எனக்கு அங்க தூக்கமே இல்ல.”

 அந்த இடத்தில் யாராவது ‘ஏன்’ என்று கேட்டிருக்கலாம். அப்பாவுக்கு அந்தச் சொல் வேறு மாதிரிப் பட்டது. அவர் முகம் மலர்ந்தது.

“கேட்டேளா? கேட்டேளாவே? ஊரு உறங்கும், தலைவி உறங்கமாட்டா! புதுசா கல்யாணமான பொண்ணு வேற எப்படிச் சொல்லுவா? நம்ம பழைய பாட்டு பூரா இதுதானே!”

எல்லாரும் சிரித்தார்கள். ஒரு பெரியவர் மாப்பிள்ளையின் முதுகில் தட்டினார். மாப்பிள்ளையும் சிரித்தார், துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சிரிக்காதவள் அக்கா ஒருத்திதான். அப்புறம் அவளும் உதட்டைப் பிரித்துச் சிரித்தது மாதிரி செய்துவிட்டு உள்ளே வந்துவிட்டாள்.

அன்றைக்கே கிளம்பினார்கள். கடையில் அவசர வேலை இருப்பதாக மாப்பிள்ளை சொன்னார். ஒரு வாரத்துக்கென்று அம்மா புடைத்து வைத்த அரிசியும் பருப்பும் அப்படியே இருந்தன. “ரெண்டு நாள் இருந்துட்டுப் போப்படாதா” என்று அம்மா வாசல்வரை கெஞ்சினாள். அக்கா என் கன்னத்தைக் கிள்ளிவிட்டு பஸ் ஏறினாள். கடைசியாக அவளை உயிரோடு பார்த்தது அந்த ஜன்னல் சீட்டில்தான்.

மார்கழியில் தகவல் வந்தது. காய்ச்சல் என்றார்கள். முதலில் இருந்தவளுக்கும் காய்ச்சல் என்றுதான் சொல்லியிருந்தார்கள்.

டவுன் வீட்டில் கூட்டம் நெரிந்தது. அக்காவைப் பார்க்க என்னை விடவில்லை. நான் அப்பா வேட்டியைப் பிடித்துக்கொண்டு அவர் போன இடமெல்லாம் போனேன். அவர் அழுது முடித்து, முகம் கழுவத் தண்ணீர் தேடி அடுக்களைப் பக்கம் வந்தார். வாசலில் நின்றுவிட்டார். அடுக்களைக் கதவுக்கு வெளிப்புறம் ஒரு இரும்புத் தாழ்ப்பாள் இருந்தது. தாழ்ப்பாளில் பூட்டு மாட்டுகிற வளையம், அது தேய்ந்து பளபளவென்று இருந்தது. அப்பா கையை நீட்டி அதைத் தொட்டார். ஒருமுறை தள்ளிப் பார்த்தார், இழுத்துப் பார்த்தார். பிறகு முகம் கழுவாமலே திரும்பி வந்துவிட்டார்.

அங்கே இருந்த எல்லாரும் ஒரே வாக்கியத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். “ஒரு வார்த்த சொல்லியிருக்கப்படாதா? பெத்தவங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கப்படாதா?” அம்மா சொன்னாள், அத்தை சொன்னாள், மாப்பிள்ளைகூட எதையோ அப்படிச் சொல்லி அழுதார். போலீஸ், வழக்கு என்று யாரும் பேசவில்லை. அந்தக் காலத்தில் நம் வீடுகளில் எதற்கு வாய் திறந்தோம்?

பதினாறாம் நாள் கழித்துப் பூக்காரம்மா எங்கள் கொல்லைக்கு வந்தாள். பூ கொண்டுவரவில்லை, வெறும் கூடை. “நான் பிள்ளைகிட்ட அன்னைக்கே சொன்னேனேம்மா, உங்களுக்குத் தெரியும்னுல்லா நினைச்சேன்” என்று கிணற்றடியில் உட்கார்ந்து மாரில் அடித்துக்கொண்டாள். அப்போதுதான் எல்லாம் வெளியே வந்தது. அம்மா சேலையை வாயில் திணித்துக்கொண்டு கேட்டாள். அன்றிலிருந்து சாகும்வரை அம்மா ஆற்றில் இறங்கவில்லை. வீட்டில்தான் குளித்தாள்.

அப்பா மண்டபத்துக்குப் போவதை நிறுத்திவிட்டார். பேச வேறு ஆட்கள் வந்தார்கள். அந்தக் கூம்பு எங்கே போனதோ, அந்த மண்டபமே இப்போது கிரில் கேட் போட்டுப் பூட்டியிருக்கிறது. காலையில் என்னிடம் கனவு கேட்பதும் அதோடு நின்றது. நான் படித்து, பேங்கில் வேலைக்குச் சேர்ந்து, கல்யாணம் செய்து, பாளையங்கோட்டையில் வீடு கட்டினேன். அம்மா போன பிறகு அப்பா என்னோடு வந்து இருந்தார். இத்தனை வருஷமும் அக்கா பேச்சு எப்போதாவது வந்தால் அவர் சொல்வது ஒன்றுதான். “அவ எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலையே.” அதைப் பிடித்துக்கொண்டுதான் அவர் உயிர் வாழ்ந்தார். அது தெரிந்து நானும் பேசாமல் எழுந்து போய்விடுவேன். அவர் மேல் எனக்கு இருந்த கோபத்துக்கும் பிரியத்துக்கும் எல்லை எது என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. நீங்கள் அவருடைய கனவுப் பேச்சை மெச்சும்போதெல்லாம் எழுந்து போய்விடலாம் என்று இருக்கும், அதே சமயம் பெருமையாகவும் இருக்கும். இரண்டும் உண்மைதான்.

அவருடைய கடைசி ஐப்பசியில், ஒரு மத்தியானம், கஞ்சி புகட்டிக்கொண்டிருந்தேன். வெளியே மழை விட்டிருந்தது. ஸ்பூனைக் கையால் விலக்கிவிட்டு, வழக்கமாகச் சொல்வதைச் சொன்னார்.

“எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்லாட்டி.”

அன்று எழுந்து போக எனக்குக் கால் வரவில்லை. கிண்ணத்தைக் கீழே வைத்தேன். சொன்னேன். அவள் சொன்னதை அவள் சொன்ன மாதிரியே சொன்னேன். கனவுல ஒரு அடுக்களை. நான் உக்காந்திருக்கேன். கதவு வெளிய பூட்டியிருக்கு. நான் உள்ள இருந்து கூப்பிடுதேன். யாருக்கும் கேக்கல. அம்புட்டுதான்ப்பா.

அப்பா கண்ணை மூடவில்லை. தொடையில் தட்டவும் இல்லை. என் வாயையே பார்த்துக்கொண்டு கடைசிவரை கேட்டார். பிறகு என் மணிக்கட்டைப் பிடித்தார். எலும்பு மட்டும் மிஞ்சியிருந்த விரல்கள், ஆனாலும் வலித்தது.

“என்னையா கூப்பிட்ட?” என்றார்.

என்னைக் கேட்டாரா, அவளைக் கேட்டாரா என்று தெரியவில்லை. அவளுக்குப் பதிலாக நான்தான் சொல்ல வேண்டியிருந்தது.

“ஆமாப்பா. உங்களத்தான் கூப்பிட்டேன்.”